கிரகணத்தன்று கோமளத்தம்மாளுக்குத் தலைக்கு ஊற்றிய கதை

போன மாதம் எனக்கே கண்ணில் புரை எடுத்தார்கள். கண் வார்டில் ஊரார் கண்ணுக்கெல்லாம் கட்டுப் போட்டே கிழவியானவள் நான். என் கண்ணிலேயே கட்டு விழுந்தபோது வருத்தத்தைவிட வேடிக்கையாகத்தான் இருந்தது. வீட்டுக்குப் புறப்படும்போது ஒரு சின்ன நர்ஸ் வந்து, பாடம் ஒப்பிப்பதுபோல் கடகடவென்று சொன்னாள்.

"அம்மா, தலைக்குக் குளிக்கிறதுன்னா நீங்களா குனிஞ்சு ஊத்திக்காதீங்க. பின்னால சாஞ்சு உட்காருங்க, வேற யாராவது ஊத்தி விடட்டும். கண்ணுல தண்ணி படக்கூடாது, தேய்க்கக்கூடாது. சரிங்களா?"

நான் சத்தமாகச் சிரித்துவிட்டேன். அந்தப் பெண்ணுக்கு முகம் சுருங்கிப் போயிற்று. "எதுக்கும்மா சிரிக்கிறீங்க?" என்றாள்.

"கண்ணு, இந்தப் பின்னால சாயுற வித்தைக்கு எங்க வார்டு பட்ட பாடு உனக்குத் தெரியுமா?" என்று ஆரம்பித்தேன். ஆரம்பித்ததுதான் தெரியும், மூன்று நர்சுகள் வேலையை விட்டுவிட்டு என் கட்டிலைச் சுற்றி நின்றார்கள். கதை முடிந்ததும் "எழுதிக் கொடுங்கம்மா" என்று ஒரே பிடிவாதம். ஆடின காலும் பாடின வாயும் சும்மா இருக்குமா? எழுதுகிறேன்.

நான் உறையூரில் தறிச் சத்தத்தில் பிறந்து வளர்ந்தவள். பெயர் ஆரோக்கியமேரி. பள்ளிக்கூடத்துக் கன்னியாஸ்திரிகள் என் அப்பாவிடம் பேசி என்னை நர்ஸ் பயிற்சிக்கு அனுப்பினார்கள். பயிற்சியில் தெர்மாமீட்டர் உடைத்தேன், வசவு வாங்கினேன், முதல் கண் ஆபரேஷனைப் பார்த்து மயங்கி விழுந்தேன். அதற்குத் தண்டனையோ என்னவோ, திருச்சிராப்பள்ளியில் ஒரு ஆஸ்பத்திரியின் கண் வார்டிலேயே என்னைப் போட்டார்கள். வெள்ளைக்காரன் ஆண்டுகொண்டிருந்த காலம்.

இப்போதுபோல அப்போது கண்ணில் தையல் போடுகிற வழக்கம் எங்களிடம் இல்லை. அறுத்த வாய் தானாகவே மூடிக் கூடிவர வேண்டும். அதுவரைக்கும் நோயாளி மல்லாந்து படுத்தபடி கிடக்க வேண்டும். தலையின் இரண்டு பக்கமும் மணல் பை. இரண்டு கண்ணிலும் கட்டு. இருமக் கூடாது, தும்மக் கூடாது, அழக் கூடாது. வாய்விட்டுச் சிரித்தாலும் ஆபத்து. கஞ்சியைக்கூட மூக்கு வைத்த பாத்திரத்தில் நாங்கள்தான் வாயில் விடுவோம். தலையில் தண்ணீர் படும் பேச்சே கிடையாது. வீட்டுக்குப் போய் வெகுநாள் கழித்து, டாக்டர் சரி என்று சொன்ன பிறகுதான் தலைக்குளியல்.

வெள்ளியும் சனியும் தலையில் எண்ணெய் வைக்காவிட்டால் உயிரே போய்விடும் என்று நினைக்கிற ஊரில் இந்தச் சட்டத்தை நிலைநாட்டியவர் எங்கள் தலைமை நர்ஸ் மிஸஸ் பெரெய்ரா. பொன்மலை ரயில்வே காலனியில் இருந்த ஆங்கிலோ இந்திய அம்மாள். புருஷன் ரயிலில் கார்டு. ஐந்து பிள்ளைகளை வளர்த்துவிட்டு வேலைக்கு வந்தவர். குரல் இருக்கிறதே, கூட்ஸ் வண்டியின் விசில்தான். காலையில் நாங்கள் வரிசையாக நின்று கையை நீட்ட வேண்டும். நகத்தைப் பார்ப்பார், பிறகு கையை முகர்ந்து பார்ப்பார். வெங்காய வாசனை இருந்தால், "மசாலாக் கையால கண்ணைத் தொடுவியா? போ, திரும்பக் கழுவு!" என்று துரத்துவார்.

கட்டுப் போட அவர் கற்றுக்கொடுத்த விதத்தை நான் வேறெங்கும் கண்டதில்லை. கோடையில் நுங்கு வாங்கி வரச் சொல்லித் தோலை உரித்து எங்கள் உள்ளங்கையில் வைப்பார். அதன்மேல் பஞ்சு வைத்துக் கட்டுப் போட வேண்டும். அவிழ்க்கும்போது நுங்கில் கீறல் இருந்தாலோ தண்ணீர் கசிந்திருந்தாலோ, "ஆளு குருடு ஆயாச்சு. அடுத்த நுங்கு எடு!" என்பார். உடைந்த நுங்கை நாங்களே தின்றுவிடுவோம் என்பதால் அந்தப் பாடம் மட்டும் எல்லோருக்கும் பிடிக்கும்.

இப்படி ஒரு நுங்குக் காலத்தில், வைகாசியில்தான், ஸ்ரீரங்கம் சித்திரை வீதியிலிருந்து கோமளத்தம்மாள் வந்து சேர்ந்தார். நடு வயதைத் தாண்டிய அம்மாள், ஒல்லி உடம்பு, முழங்காலைத் தொடும் கூந்தல். அவர்கள் குடும்பம் கோயிலையே நம்பி வாழ்ந்த வைஷ்ணவக் குடும்பம். அவருக்கு ஒரு கண் ஏற்கெனவே போய்விட்டது. முன்பு வெளியூரில் ஓரிடத்தில் அந்தக் கண்ணில் புரை எடுத்திருக்கிறார்கள். வீடு திரும்பியதும் தலை அரிக்கிறதே என்று யாருக்கும் சொல்லாமல் கிணற்றடிக்குப் போய், குனிந்து சீயக்காய் தேய்த்துத் தலைக்கு ஊற்றிக்கொண்டார். கண்ணில் சீழ் பிடித்தது, பார்வை போயே போய்விட்டது. எங்களிடம் வந்தது மிச்சமிருந்த ஒற்றைக் கண்ணுக்காக. அதுவும் போனால் வாழ்நாள் முழுவதும் இருட்டுத்தான்.

ஆபரேஷன் நன்றாக முடிந்தது. ஒரு வாரம் தாண்டியது. கோமளத்தம்மாள் தங்கமாகக் கிடந்தார். சூடு கண்ட பூனை அடுப்பண்டை போகாது என்று நாங்கள் நிம்மதியாக இருந்தோம்.

அப்போதுதான் அவருடைய ஓரகத்தி பத்மாசனி, தினமும் வீட்டிலிருந்து சாப்பாடு கொண்டுவருகிறவர், தூக்குப் பாத்திரத்தோடு பஞ்சாங்கச் செய்தியையும் கொண்டுவந்தார். அடுத்த அமாவாசையன்று சூரிய கிரகணம். அதுவும் ரோகிணியில் பிடிக்கிறது. கோமளத்தம்மாளின் நட்சத்திரமும் ரோகிணி!

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். கிரகணம் பிடிக்கும்போதும் விட்ட பிறகும் தலையோடு நீராட வேண்டும் என்பது அவர்கள் வழக்கம். தன் நட்சத்திரத்திலேயே பிடித்தால் தோஷம் என்று, ஓலையில் சுலோகம் எழுதி நெற்றியில் பட்டமாகக் கட்டிக்கொள்வார்கள். அப்படிப்பட்டவர்களுக்கு நீராட்டம் தப்பவே கூடாது.

"ஆதுராளுக்கு, உடம்பு முடியாம கிடக்கறவாளுக்கு, விலக்கு உண்டுன்னு பெரியவா சொல்றா கோமளம். ஈர வஸ்திரத்தாலே துடைச்சிண்டாப் போறும்" என்றார் பத்மாசனி.

"என் நட்சத்திரத்துலே பிடிக்கறதுக்கு விலக்கு ஏது? ஏற்கெனவே ஒரு கண்ணு போயாச்சு. தோஷத்தையும் தலையிலே வெச்சுண்டு இன்னொண்ணையும் தோக்கச் சொல்றேளா?" என்றார் கோமளத்தம்மாள்.

பாருங்கள் வேடிக்கையை! குளித்தால் கண் போகும் என்று நாங்கள் சொல்கிறோம். குளிக்காவிட்டால் கண் போகும் என்று அவர் சொல்கிறார். இரண்டு பேருக்கும் பயம் அந்த ஒரே கண்ணைப் பற்றித்தான்.

மிஸஸ் பெரெய்ரா வழக்கம்போல விசில் ஊதினார். "ஒரு சொட்டு கூடாது! நோ!" கோமளத்தம்மாள் பதில் பேசவில்லை. அந்த அமைதியைக் கண்டு நான் ஏமாந்துபோனேன். மறுநாள் மத்தியானம் அடுத்த கட்டில்காரியிடம் அவர் மெல்லக் கேட்டது என் காதில் விழுந்தது.

"ஏண்டியம்மா, இந்த வார்டுலே குழாய் எந்தப் பக்கம் இருக்கு? சுவத்தைப் பிடிச்சுண்டே போனா வந்துடுமோ?"

இரண்டு கண்ணிலும் கட்டோடு இந்த அம்மாள் குழாய்க்கு வழி கேட்கிறார்! ஓடிப்போய் மிஸஸ் பெரெய்ராவிடம் சொன்னேன். அவர் திட்டப் போகிறார் என்று நினைத்தேன். திட்டவில்லை. நேராக டாக்டர் அறைக்குப் போனார். நானும் பின்னாலேயே போனேன்.

"சார், அந்த அம்மாவுக்கு நாமே தலைக்கு ஊத்திடலாம்."

டாக்டர் பேச்சுக் குறைந்த மனிதர். பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "உங்களுக்குக் காய்ச்சலா?" என்றார்.

"முதல் கண்ணு எப்படிப் போச்சு சார்? சொல்லாம ஊத்திக்கிட்டா. நாம வேணாம்னா இப்பவும் சொல்லாமத்தான் ஊத்திப்பா. குனிவா, கண்ணை இறுக்குவா, தேய்ப்பா. நாம ஊத்தினா கண்ணு நம்ம கையில இருக்கும்."

"உள்ளே ஒரு சொட்டு போனாலும் அந்த அம்மாவுக்கு விடிவே இல்லை."

"அஞ்சு புள்ளை குளிப்பாட்டினவ சார் நான். ஒரு புள்ளை கண்ணுலயும் தண்ணி விட்டதில்லை."

டாக்டர் என்னையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தார். "முதல்ல எனக்குச் செஞ்சு காட்டுங்க. ஒரு சொட்டுக்கூட வரலைன்னா பார்க்கலாம்" என்றார்.

யார் தலையில் செய்து காட்டுவது? என் தலையில்தான்! நர்சுகளிலேயே நீளமான முடி எனக்குத்தான். மிஸஸ் பெரெய்ரா ஒரு யுக்தி செய்தார். மை ஒற்றும் தாளைச் சின்னதாக வெட்டி, அதில் பேனாவால் புள்ளி புள்ளியாக மை வைத்தார். என் கண்ணில் கட்டுப் போட்டு, கட்டின் மேல் மடிப்பில் அந்தத் தாளைச் செருகினார். ஈரம் துளி பட்டாலும் புள்ளி கலைந்து காட்டிக்கொடுத்துவிடும்.

முதல் தடவை என்னை பெஞ்சில் மல்லாத்தி, தலையை விளிம்புக்கு வெளியே விட்டுத் தண்ணீர் ஊற்றினார். அவிழ்த்துப் பார்த்தால் புள்ளியெல்லாம் கரைந்து என் கன்னத்தில் நீலக் கோடு. "ஆளு குருடு ஆயாச்சு!" என்று அவரே கத்தினார். தண்ணீர் காதோரமாகத் திரும்பிப் பொட்டின் வழியாக வந்துவிட்டது. அடுத்த தடவை தோளுக்கு அடியில் தலையணை வைத்து மோவாயைத் தூக்கினார். அப்போதும் ஒரு ஓரத்தில் புள்ளி கலைந்தது. பிறகு காதுகளில் வாசலின் தடவிய பஞ்சு அடைத்து, மயிர் தொடங்குகிற இடத்தில் நீர் புகாத மெழுகுசீலைப் பட்டை ஒன்றைச் சுற்றிக் கட்டி, அதன்மேல் மடித்த துவாலை வைத்தார். ஒருத்தி இரண்டு உள்ளங்கையாலும் பின்மண்டையைத் தாங்க வேண்டும். ஊற்றுகிறவள் ஒரு கையை நெற்றியில் குறுக்கே அணைபோல வைத்துக்கொண்டு, மூக்குச் செம்பால் அணைக்கு அந்தப் புறமாக மெல்ல விட வேண்டும். நம் வீட்டில் பச்சைப் பிள்ளையைக் காலில் போட்டுக் குளிப்பாட்டும்போது புருவத்தில் கை வைப்போமே, அதேதான்! இந்தத் தடவை அவிழ்த்துப் பார்த்தால் புள்ளிகள் வைத்தது வைத்தபடி இருந்தன. டாக்டர் தாளை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "ஒரு தடவைதான். கிரகணம் விட்ட பிறகு" என்றார். எனக்குப் பரீட்சையில் தேறியதுபோல இருந்தது.

கோமளத்தம்மாளிடம் பேரம் பேசுவதுதான் பெரிய பாடாகிவிட்டது. பிடிக்கும்போது ஒன்று, விடும்போது ஒன்று என்று நின்றார். கடைசியில் ஒன்றுக்கு இறங்கி வந்தார். சீயக்காய் இல்லை, அரப்பு இல்லை, சாம்பிராணிப் புகை இல்லை, வெறும் தண்ணீர் மட்டும் என்பதற்கும் ஒப்புக்கொண்டார். பட்டம் கட்டுவதைப் பற்றிக் கேட்டபோது மிஸஸ் பெரெய்ரா தாராளமாகச் சொல்லிவிட்டார்: "லூசா கட்டிக்கோம்மா. ஏற்கெனவே இருக்கிற கட்டோட அதுவும் ஒரு கட்டு!"

கிரகண நாளன்று வார்டு வார்டாகவே இல்லை. கட்டிலுக்குக் கட்டில் கேள்வி. "பிடிச்சுடுத்தா?" "எவ்வளவு மறைஞ்சிருக்கு?" கண்ணில் கட்டோடு கிடக்கிற அத்தனை பேரும் வானத்தைப் பற்றியே பேசினார்கள். ஊரில் பாதி அம்மா மண்டபத்துப் படித்துறையில் என்று பத்மாசனி சொன்னார். அவரும் அங்கே முழுகிவிட்டு, ஈரக் கூந்தலோடு, இரண்டு பித்தளைக் குடம் நிறையக் காவிரித் தண்ணீரை ஜட்காவில் ஏற்றிக்கொண்டு வந்து இறங்கினார்.

மிஸஸ் பெரெய்ரா குடத்துக்குள் எட்டிப் பார்த்தார். "மேரி, அடுப்பை மூட்டு. இதைக் கொதிக்க வை."

பத்மாசனி திடுக்கிட்டுப் போனார். "காவேரியைக் கொதிக்க வெக்கறதாவது! இது தீர்த்தம்!"

"கோடைத் தண்ணி அம்மா! ஒரு ஓரமா ஓடுது, அதுல மாடும் குளிக்குது, ஊரும் குளிக்குது. கண்ணுக்குப் பக்கத்துல பச்சைத் தண்ணி வராது. நோ!"

இரண்டு பேரும் குடத்தின் இரண்டு பக்கமும் நின்று முறைத்துக்கொண்டார்கள். நான் கையைப் பிசைந்துகொண்டு நின்றேன். அப்போது கட்டிலிலிருந்து கோமளத்தம்மாள் குரல் வந்தது.

"பத்மா, தளிகை பண்றதுக்கு அதே காவேரியைத்தானே தினம் கொதிக்க வெக்கறோம்? கொதிச்சாலும் அவ காவேரிதான். நடக்கட்டும்."

ஒரு குடத்தை வடிகட்டிக் கொதிக்க வைத்து வெதுவெதுப்பாக ஆற்றினோம். மற்றக் குடம் ஓரமாக நின்றது. அதை அங்கே விட்டு வைத்திருக்கவே கூடாது, ஆனால் அப்போது யாருக்கும் தோன்றவில்லை.

கிரகணம் விட்டதும் தெருவில் ஒரே ஆரவாரம். கோமளத்தம்மாளை பெஞ்சில் கிடத்தினோம். கண்மேல் கிண்ண மூடி, அதன்மேல் கட்டு, மடிப்பில் மைப்புள்ளி வைத்த தாள், மெழுகுசீலை, துவாலை, எல்லாவற்றுக்கும் மேலே ஓலைப் பட்டம்! பின்மண்டை என் உள்ளங்கைகளில் இருந்தது. அந்தக் கனத்தை இப்போதும் என் கை அறியும். டாக்டர் கதவோரம் வந்து நின்றுகொண்டார்.

"கண்ணை இறுக்காதம்மா. தூங்குற மாதிரி வெச்சுக்கோ" என்று மிஸஸ் பெரெய்ரா இவ்வளவு மெதுவாகப் பேசி நான் கேட்டதே இல்லை. இடது கையை அணையாக வைத்து, வலது கையால் மூக்குச் செம்பைச் சாய்த்தார். தண்ணீர் நூல்போல இறங்கி, அந்தப் பெரிய கூந்தல் வழியாகக் கீழே வைத்திருந்த தொட்டியில் விழுந்தது. கோமளத்தம்மாள் ஏதோ பாசுரத்தை முணுமுணுத்துக்கொண்டிருந்தார். ஒரு செம்பு, இன்னொரு செம்பு, எல்லாம் ஒழுங்காகவே நடந்தது.

கடைசியில் முடியைப் பிழிய மிஸஸ் பெரெய்ரா செம்பைக் கீழே வைத்தார். கடைசி நீர் சொந்த மனுஷி கையால் விழ வேண்டும் என்று பத்மாசனிக்குத் தோன்றிவிட்டது போலிருக்கிறது. மற்றவர்கள் ஊற்றிய தண்ணீர் அவருக்கு நீராட்டமாகவே படவில்லை. பழகின கை வேறு! ஓரமாக இருந்த பச்சைத் தண்ணீர்க் குடத்தை அலாக்காகத் தூக்கி, "கோவிந்தா!" என்று, படித்துறையில் ஊற்றுவதுபோலவே தலைக்கு நேராக உயர்த்தினார்.

நான் கையை எடுத்தால் தலை விழுந்துவிடும். எடுக்காவிட்டால் தண்ணீர் முகத்தில் விழும். அந்தக் கணத்தில் மிஸஸ் பெரெய்ரா செய்ததை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். கோமளத்தம்மாளின் முகத்துக்கு மேலே அப்படியே குறுக்கே கவிழ்ந்துவிட்டார். முகத்தில் தன் உடம்பு படாமல், இரண்டு முழங்கைகளையும் பெஞ்சில் ஊன்றிக் கூரைபோல நின்றார். குடம் முழுவதும் அவர் பிடரியில் கொட்டியது. கஞ்சி போட்ட வெள்ளைத் தொப்பி தொட்டியில் மிதந்தது.

பத்மாசனி வெறும் குடத்தோடு நின்றார். மிஸஸ் பெரெய்ரா நிமிரவில்லை. நிமிர்ந்தால் தன் முடியிலிருந்து சொட்டும் என்று அப்படியே பக்கவாட்டில் நகர்ந்து, அதற்குப் பிறகுதான் எழுந்தார்.

"மிஸ்ஸம்மா, தண்ணி உங்க மேலயா விழுந்துது?" என்று கோமளத்தம்மாள் படுத்தபடியே கேட்டார்.

"ஆமாம்மா. எல்லாம் என் மேலதான். நீ பேசாதே."

"அப்போ உங்களுக்கும் கிரகண ஸ்நானம் ஆயிடுத்து. தோஷம் போச்சு."

டாக்டர் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். ஆனாலும் எனக்குச் சிரிப்பு வரவில்லை. தலையை ஒற்றி உலர்த்தி, துவாலையை எடுத்து, மெழுகுசீலையை அவிழ்த்தார்கள். டாக்டர் இடுக்கியால் அந்தத் தாளை உருவினார். ஜன்னல் பக்கம் போய்த் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"காய்ஞ்சிருக்கு" என்றார்.

பத்மாசனி அங்கேயே தரையில் உட்கார்ந்து அழுதார். மிஸஸ் பெரெய்ரா சொட்டச் சொட்ட நனைந்த உடுப்போடு அவர் தோளைத் தட்டி, "அழாதே, அழாதே. இந்த வார்டுல அழுகை தடை" என்றார். மடி ஆசாரம் பார்க்கிற பத்மாசனி அன்று அந்தக் கையை விலக்கவில்லை.

தாள் காய்ந்திருந்தால் போதுமா? கண் என்ன ஆயிற்று என்பது கட்டைப் பிரித்தால்தானே தெரியும். ஒவ்வொரு தடவை பஞ்சு மாற்றும்போதும் சிவப்பு இருக்கிறதா, சீழ் இருக்கிறதா என்று பயந்து பயந்து பார்த்தோம். ஒன்றுமில்லை. கட்டை எடுத்தபோது வெளிச்சம் தெரிகிறது என்றார், கை ஆடுவது தெரிகிறது என்றார். புரை எடுத்த கண்ணுக்குத் தடித்த கண்ணாடி போட்டால்தான் உருவம் நிலைக்கும். கண்ணாடி தயாராகி வரும்வரை எங்களுக்கு இருப்புக் கொள்ளவில்லை.

அந்த நாளும் வந்தது. கோமளத்தம்மாளை நாற்காலியில் உட்கார வைத்து, டாக்டர் கண்ணாடியை மாட்டினார். சுவரில் எழுத்து அட்டை தொங்கியது. மேல் வரியில் பெரிய எழுத்து, கீழே வரவரச் சிறியது.

"மேலேருந்து படிங்கம்மா" என்றார் டாக்டர்.

கோமளத்தம்மாள் அட்டையைப் பார்க்கவே இல்லை. பக்கத்தில் நின்ற மிஸஸ் பெரெய்ராவின் முகத்தையே பார்த்தார். பார்த்தார், பார்த்துக்கொண்டே இருந்தார். தான் வந்ததிலிருந்து புரைக்குள்ளும் கட்டுக்குள்ளும் குரலாக மட்டுமே தெரிந்த மனுஷி அல்லவா!

"மிஸ்ஸம்மா, கொஞ்சம் கிட்ட வாங்கோ. தலையைச் சாயுங்கோ" என்றார். மிஸஸ் பெரெய்ரா ஒன்றும் புரியாமல் குனிந்தார். கோமளத்தம்மாள் விரலை நீட்டித் தொப்பிக்குக் கீழே, காதுக்கு மேலே தொட்டார்.

"இங்க ஒரு நரை இருக்கே. ஒண்ணே ஒண்ணு. பிடுங்கிடட்டுமா?"

நான் எட்டிப் பார்த்தேன். கறுத்த முடிக்கு நடுவில், என் நல்ல கண்ணுக்கே தேடித்தான் கிடைத்தது, ஒற்றை வெள்ளை முடி.

வார்டில் நடையைத் தவிர ஓட்டம் கூடாது என்று எங்களை விரட்டிய அந்த அம்மாள் ஓடினார். தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, கட்டில் வரிசைக்கு நடுவே, "என் நரை அவளுக்குத் தெரியுது! என் நரை தெரியுது!" என்று விசில் குரலில் கத்திக்கொண்டே ஓடினார். கண்ணில் கட்டோடு கிடந்தவர்களெல்லாம் என்ன, என்ன என்று கேட்டார்கள். நான் வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன். டாக்டர் எழுந்துபோய்ச் சுவரிலிருந்த அட்டையைக் கழற்றிச் சுருட்டி வைத்துவிட்டார்.